திரும்பி வந்தவர் சொன்ன பெயர்கள்

இரணியல் ரயில் நிலையத்தைக் கடந்து போகும் வண்டிகளில் ஒன்று ஹிம்சாகர் எக்ஸ்பிரஸ். கன்னியாகுமரியில் கிளம்பி, நாட்டையே நீளவாக்கில் கடந்து, ஜம்மு மலையடிவாரத்தில் இருக்கும் கட்ராவில் போய் நிற்கும். குமரி மாவட்டத்துப் பட்டாளக்காரர்கள் பலரும் தகரப் பெட்டியும் படுக்கையுமாக வடக்கே போனதும், லீவு முடிந்து கனத்த மனதோடு திரும்பியதும் இந்தத் தண்டவாளம் வழியாகத்தான்.

பென்ஷன் வாங்கி ஊருக்கு வந்துவிட்டால் அவருக்குச் சொந்தப் பெயர் போய்விடும். அன்று முதல் அவர் ‘பட்டாளத்தார்’, இல்லையென்றால் ‘மிலிட்டரிக்காரர்’. கோயில் கொடையில் முன்வரிசையில் உட்கார வைப்பார்கள். கல்யாண வீட்டில் கூப்பிட்டு மரியாதை செய்வார்கள். சுதந்திர தினத்தன்று பள்ளிக்கூடத்தில் கொடியேற்றச் சொல்வார்கள். பனியைப் பற்றிக் கேட்பார்கள், சப்பாத்தியைப் பற்றிக் கேட்பார்கள். ஒன்றை மட்டும் கேட்க மாட்டார்கள்: “கூட இருந்தவங்கள்ல யாரெல்லாம் திரும்பி வரல, பாட்டா? அவங்க பேரு என்ன?”

அப்படி ஒரு கேள்வியைப் பேரன் கேட்டுவிட்டாலும், “அதெல்லாம் இப்ப எதுக்கு மக்கா?” என்று பாட்டா பேச்சை மாற்றிவிடுவார். பேரனும் போனை எடுத்துக்கொண்டு போய்விடுவான். ஒரு போரின் கடைசிச் சாட்சி, பெரும்பாலும் திண்ணையில் நடக்கும் இந்த இரண்டு வரிப் பேச்சோடு முடிந்துபோகிறது.

கல்லில் இல்லாத பெயர்கள்

பெயர்கள் எப்படித் தொலையும் என்று பார்க்க இரணியல்காரர்கள் வெகுதூரம் போக வேண்டாம். ஒருபக்கம் குளச்சல் கடற்கரை, இன்னொரு பக்கம் புலியூர்க்குறிச்சியில் உதயகிரிக் கோட்டை. இரண்டுமே சில மைல் தொலைவுதான்.

1741-ல் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் படை குளச்சலில் இறங்கியது. பத்மநாபபுரத்தைப் பிடிப்பது அதன் நோக்கம். வேணாட்டு அரசர்களின் பழைய அரண்மனை நிற்கும் இரணியல், அந்தக் கடற்கரைக்கும் அந்தத் தலைநகருக்கும் நடுவில் இருந்த ஊர். மார்த்தாண்ட வர்மாவின் படை டச்சுக்காரர்களைத் தோற்கடித்தது. ஐரோப்பியக் கம்பெனி ஒன்று இந்திய அரசர் ஒருவரிடம் படுதோல்வி கண்ட போர் என்று அது வரலாற்றில் இடம்பிடித்தது. குளச்சலில் வெற்றித்தூண் இருக்கிறது. ராணுவத்தினர் இன்றும் ஆண்டுதோறும் அங்கே வந்து மரியாதை செலுத்துகிறார்கள்.

தோற்ற படையின் தளபதியான டிலனாய்க்கும் கல் இருக்கிறது. கைதியாகப் பிடிபட்ட அவர் திருவிதாங்கூர் அரசரிடமே வேலைக்குச் சேர்ந்தார். படைக்கு ஐரோப்பிய முறையில் பயிற்சி கொடுத்து ‘வலிய கப்பித்தான்’ என்று பெயரெடுத்தார். 1777-ல் இறந்த அவரது கல்லறை உதயகிரிக் கோட்டைக்குள், தமிழ், லத்தீன் எழுத்துகளோடு இருக்கிறது. மனைவியும் மகனும் அருகிலேயே அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள்.

ஜெயித்த ராஜாவுக்குப் பெயர் இருக்கிறது, தோற்ற கப்பித்தானுக்கும் இருக்கிறது. நடுவில் நின்று செத்தவர்களுக்கு? குளச்சல் மீனவர்கள் துடுப்புகளைத் துப்பாக்கிபோல் தோளில் சாய்த்து வரிசையாக நின்று டச்சுக்காரர்களை ஏமாற்றினார்கள் என்று கடற்கரையில் இன்றும் கதை சொல்வார்கள். அந்த வரிசையில் நின்ற ஒரு மீனவரின் பெயரைக்கூட யாராலும் சொல்ல முடியாது. படையில் செத்த நாயர், நாடார், மறவர் வீட்டுப் பிள்ளைகளின் பெயரும் அப்படித்தான். அவர்களோடு நின்று பிழைத்து வந்தவர்கள் அன்றைக்கு வீட்டில் சொல்லியிருப்பார்கள். எழுதிவைக்க ஆள் இல்லை. சொன்னவர் காலத்தோடு சொல்லும் போயிற்று.

இதற்கு நேர்மாறாக நடந்த கதை ஒன்று லடாக்கில் இருக்கிறது. அங்கேயும் முதலில் பெயர்கள் தொலையத்தான் இருந்தன. தப்பி வந்த சிலர் விடாமல் சொன்னதால் நிலைத்தன.

“போய்ச் சொல்லு”

ரெசாங் லா, லடாக்கில் சுஷூல் பள்ளத்தாக்கின் அருகே உள்ள ஒரு கணவாய். பதினாறாயிரம் அடிக்கும் மேலான உயரம். மூச்சு வாங்கவே சிரமப்படும் இடம். சீனாவோடு போர் நடந்த 1962-ல் அதைக் காக்க நிறுத்தப்பட்டது 13-வது குமாவோன் பட்டாலியனின் சார்லி கம்பெனி. ஏறக்குறைய 120 பேர். தலைவர் ராஜஸ்தானைச் சேர்ந்த மேஜர் சைத்தான் சிங். வீரர்களில் கிட்டத்தட்ட எல்லோரும் ஹரியானாவின் ரேவாரி, குர்கான், மகேந்திரகர் பக்கத்து விவசாயக் குடும்பங்களின் பிள்ளைகள். சமவெளி வெயிலில் வளர்ந்தவர்கள். அந்தக் குளிருக்கேற்ற உடுப்பு அவர்களிடம் இல்லை. கையில் இருந்தது பழைய .303 துப்பாக்கி. இன்னொரு கஷ்டமும் இருந்தது. இந்தியப் பீரங்கிகளுக்கும் ரெசாங் லாவுக்கும் குறுக்கே ஒரு மலை மறித்து நின்றதால், பீரங்கி உதவி அவர்களுக்கு எட்டவில்லை.

நவம்பர் 18 அதிகாலையில் சீனப் படை அலை அலையாக வந்தது. முதல் தாக்குதலை முறியடித்தார்கள். பிறகு பீரங்கிக் குண்டுகள் விழுந்தன. பின்பக்கமாகவும் சுற்றி வளைத்தார்கள். மேஜர் ஒரு பிளாட்டூனிலிருந்து இன்னொரு பிளாட்டூனுக்கு ஓடி ஓடித் தைரியம் சொல்லிக்கொண்டிருந்தார். குண்டடி பட்டும் நிறுத்தவில்லை. அன்று அந்தக் கம்பெனியில் 110-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள்.

மேஜரின் வயர்லெஸ் ஆபரேட்டராக இருந்தவர் ராம்சந்தர் யாதவ். பின்னாளில் கௌரவ கேப்டனாக ஓய்வுபெற்ற இவர், பல பேட்டிகளில் அந்த நாளை விவரித்திருக்கிறார். காயம்பட்ட மேஜரைத் தன்னோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு சரிவில் இறங்கினார். தன்னை விட்டுவிட்டுப் போகும்படி மேஜர் சொன்னாராம். பட்டாலியன் தலைமையிடத்துக்குப் போய், நம் கம்பெனி எப்படிச் சண்டை போட்டது என்று சொல் என்பதே அவர் இட்ட வேலை. மேஜர் இறந்ததும், உடலை ஒரு பாறையோரம் கிடத்திவிட்டு ராம்சந்தர் இறங்கி நடந்தார்.

ராணுவத்தில் மேலதிகாரி சொன்னால் அது உத்தரவு. ராம்சந்தருக்குக் கிடைத்த கடைசி உத்தரவு, பார்த்ததைப் போய்ச் சொல்லச் சொன்னது. அதை அவர் முதுமை வரை நிறைவேற்றிக்கொண்டிருந்தார்.

நம்பாத ஊர்

ஆனால் சொன்னதும் யாரும் நம்பிவிடவில்லை. 120 பேர் அத்தனை பெரிய படையை எதிர்த்து, கடைசி ஆள் வரை நின்றார்களா? போரின் மற்ற முனைகளிலிருந்து தோல்விச் செய்தியாக வந்துகொண்டிருந்த நேரம் அது. உயிரோடு வந்தவர்களையே சந்தேகத்தோடு பார்த்தார்கள். கூட இருந்தவர்கள் எல்லாம் செத்திருக்க, நீ மட்டும் எப்படி வந்தாய் என்ற பார்வை. சிலர் சொந்த ஊரிலேயே ஓடிவந்தவர் என்ற பேச்சைக் கேட்க வேண்டியிருந்தது. லைட் மெஷின்கன் சுட்ட நிகால் சிங்குக்கு இரண்டு கைகளிலும் குண்டு பட்டிருந்தது. சீனர்களிடம் பிடிபட்டு, காவலிலிருந்து நழுவித் தப்பி வந்தவர் அவர். அப்படி வந்தவர்களுக்கும் இதே கதிதான்.

நவம்பர் 21-ல் சீனா போர்நிறுத்தம் அறிவித்தது. ஆனால் ரெசாங் லாவைப் பனி மூடிவிட்டது. 1963-ன் தொடக்கத்தில்தான் அங்கே இறந்து கிடந்தவர்களைப் பற்றித் தகவல் வந்து, தேடிப்போனார்கள்.

போனவர்கள் பார்த்த காட்சிதான் தப்பி வந்தவர்களின் மானத்தைக் காப்பாற்றியது. பதுங்குகுழிகளில் வீரர்கள் உறைந்து கிடந்தார்கள். பலருடைய கையில் துப்பாக்கி அப்படியே இருந்தது. காயங்கள் முன்பக்கம் இருந்தன. மருத்துவ உதவியாளர் தரம்பால் தகியா கையில் ஊசியோடு கிடந்தார் என்று சொல்லப்படுகிறது. மேஜர் சைத்தான் சிங்கின் உடல் ஒரு பாறையோரம் இருந்தது. ராம்சந்தர் சொன்னது பொய்யில்லை என்று ஊரும் ராணுவமும் ஒப்புக்கொண்டன.

மேஜருக்குப் பரம்வீர் சக்ரா கிடைத்தது. கம்பெனி வீரர்கள் எட்டுப் பேருக்கு வீர் சக்ரா. கிடைத்த உடல்களில் மேஜருடையது சொந்த ஊரான ஜோத்பூர் பக்கம் போனது. மற்றவர்களை அந்தப் பள்ளத்தாக்கிலேயே தகனம் செய்தார்கள். சுஷூலில் நினைவிடம் எழும்பியது. ரேவாரியிலும் ஒன்று வந்தது. பிழைத்த வீரர்கள் வயதான பிறகும் நவம்பர் 18 வந்தால் மெடல்களைக் குத்திக்கொண்டு விழாக்களுக்குப் போவார்கள். யார் எந்தப் பக்கம் நின்றார், யார் எப்படி விழுந்தார் என்று பெயர் பெயராகச் சொல்வார்கள். ஜெமதார் ஹரி ராம், நாயக் குலாப் சிங், நாயக் ஹுகம் சந்த், லான்ஸ் நாயக் சிங் ராம்... ஹரியானா கிராமங்களில் இந்தப் பெயர்கள் இன்றும் வழக்கத்தில் இருக்கின்றன.

2021 நவம்பர் 18 அன்று சுஷூல் நினைவிடம் புதுப்பித்துத் திறக்கப்பட்டது. பட்டாலியனில் அந்தக் காலத்தில் பணியாற்றிய பிரிகேடியர் ஜதார் முதிய வயதில் சக்கர நாற்காலியில் வந்திருந்தார். பாதுகாப்பு அமைச்சர் ராஜ்நாத் சிங்கே அந்த நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போனார். நாடெங்கும் பலர் பார்த்த காட்சி அது.

அதற்கு இரண்டு வருடத்தில் இன்னொரு செய்தியும் வந்தது. மேஜரின் உடல் கிடைத்த இடத்தில் இருந்த சிறு நினைவுச் சின்னம், எல்லையில் உருவான இடைவெளிப் பகுதிக்குள் வந்துவிட்டதால் அகற்றப்பட்டதாக லடாக் மக்கள் பிரதிநிதி ஒருவர் சொன்னதை நாளிதழ்கள் வெளியிட்டன. கல்லாக இருந்தாலும் இடம் பெயர வேண்டி வரலாம். ராம்சந்தரும் நிகால் சிங்கும் சொல்லிவைத்ததை யாரும் பெயர்த்தெடுக்க முடியாது.

‘கார்ட்டூஸ் சாகிப்’ செய்த வேலை

ஆனால் எல்லோரும் ராம்சந்தர்போல் பேசிவிட மாட்டார்கள். பேசாதவர்களைத் தேடிப் போய்க் கேட்டவர் ஒருவர் இருக்கிறார். மேஜர் ஜெனரல் இயன் கார்டோசோ. கூர்க்கா ரைஃபிள்ஸ் அதிகாரி. கார்டோசோ என்ற பெயர் கூர்க்கா வீரர்களின் வாயில் நுழையாமல் ‘கார்ட்டூஸ் சாகிப்’ ஆகிவிட்டது. கார்ட்டூஸ் என்றால் தோட்டா.

1971 போரில் சில்ஹட் அருகே கண்ணிவெடியில் அவர் கால் சிதைந்தது. அங்கே மயக்க மருந்தும் இல்லை, அறுவைக் கருவியும் இல்லை. கூர்க்காக்களின் குக்ரி கத்தியை வாங்கித் தன் காலைத் தானே வெட்டியெடுத்தார். பிறகு அவருக்கு அறுவை சிகிச்சை செய்தவர் கைதியாக இருந்த ஒரு பாகிஸ்தானிய டாக்டர். செயற்கைக் காலோடு மலையேறிக் காட்டி, காலை இழந்த பிறகும் ஒரு காலாட்படைப் பட்டாலியனுக்குத் தலைமை தாங்கிய முதல் இந்திய அதிகாரி ஆனார்.

இந்த ஒரு கதையையே வாழ்நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்திருக்கலாம். அவர் மற்றவர்களின் கதைகளை எழுதப் போனார். பரம்வீர் சக்ரா பெற்றவர்களைப் பற்றி எழுதினார். ராணுவக்காரரான அவர், கடற்படைக் கப்பல் ஒன்றின் கதையையும் கையில் எடுத்தார். அந்தக் கப்பலின் பெயரும் குக்ரிதான். 1971 டிசம்பர் 9 இரவு, டையூ கடற்பரப்பில் பாகிஸ்தான் நீர்மூழ்கிக் கப்பல் ஹங்கோர் தாக்கி ஐ.என்.எஸ். குக்ரி மூழ்கியது. 18 அதிகாரிகளும் 176 மாலுமிகளும் இறந்தார்கள். கேப்டன் மகேந்திரநாத் முல்லா மற்றவர்களைத் தப்பவைத்துவிட்டுக் கப்பலோடு போனார். அதில் பிழைத்தவர்களையும் இறந்தவர்களின் குடும்பத்தினரையும் சந்தித்து, அவர்கள் சொன்னதைக் கேட்டுப் புத்தகமாக்கினார் கார்டோசோ. அது வெளிவந்தபோது கப்பல் மூழ்கி முப்பது ஆண்டுகளுக்கும் மேல் ஆகியிருந்தது. முப்பது ஆண்டு ஆனாலும், கேட்க ஒருவர் வந்து உட்கார்ந்தபோது சொல்வதற்கு ஆட்கள் இருந்தார்கள்.

திண்ணையில் என்ன கேட்பது?

1962-ல் இருபது வயதில் துப்பாக்கி பிடித்தவருக்கு இன்று எண்பதைத் தாண்டிவிட்டது. 1971-ல் போனவர்கள் எழுபதுகளில் இருக்கிறார்கள். கார்கிலுக்குப் போன இளைஞர்களுக்கே தலை நரைத்துவிட்டது.

1987 முதல் 1990 வரை அமைதிப்படையில் இலங்கைக்குப் போனவர்களின் நிலை இன்னும் சங்கடமானது. அந்த நாட்களில் ஈழத்து மக்கள் பட்ட துயரம் பெரிது. அதனால் அங்கே போய்வந்த வீரரால் தமிழ்நாட்டில் வாய் திறக்கவே முடியவில்லை. பேச ஆரம்பித்தாலே அது அரசியல் ஆகிவிடும். அந்தப் படையில் 1,100-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அவர்களில் ஒருவன் தன் பக்கத்துக் கட்டிலில் படுத்தவன் என்றால், அவனைப் பற்றி அவர் யாரிடம் சொல்வார்? போர் சரியா தவறா என்ற வழக்கு ஒருபக்கம் நடக்கட்டும். செத்த சிநேகிதனின் பெயரைச் சொல்ல வீட்டுக்குள்ளாவது அவருக்கு இடம் வேண்டும்.

பாட்டா பேச மாட்டேன் என்பதற்குக் காரணம், பெரும்பாலும் கேள்வி தப்பாக இருப்பதுதான். “எத்தனை பேரைச் சுட்டீங்க?” என்று கேட்டால் எந்தப் பட்டாளத்தாரும் எழுந்து போய்விடுவார். “மெஸ்ஸுல என்ன போடுவாங்க? ராத்திரி டூட்டில கூட யாரு நிப்பாங்க? உங்க செட்டுல நல்லா பாடுறவரு யாரு? ஊர்ல இருந்து லெட்டர் வந்தா யாரு படிச்சுக் காட்டுவா?” என்று கேட்டுப் பாருங்கள். ஒரு பெயர் வரும். அந்தப் பெயரோடு ஒரு சிரிப்பு வரும். கொஞ்ச நேரம் கழித்து, அவன் எந்த இடத்தில் போனான் என்பதும் வரும். அப்போது குறுக்கே பேசக் கூடாது. அவர் நிறுத்தினால் அன்றைக்கு அத்தோடு விட்டுவிட வேண்டும். மறுநாள் அவரே தொடங்குவார்.

பிறகு தகரப் பெட்டியைத் திறக்கலாம். குரூப் போட்டோ ஒன்றாவது இருக்கும். வரிசையாக நிற்பவர்களில் யார் யார் என்று கேட்டு, போட்டோவின் பின்பக்கம் பென்சிலால் பெயர் எழுதிவைக்கலாம். எந்த ரெஜிமென்ட், எந்தப் பட்டாலியன், எந்தக் கம்பெனி, எந்த ஆண்டு என்பதையும் குறித்துக்கொள்ள வேண்டும். இவை இருந்தால் பிற்பாடு எதையும் தேடிக் கண்டுபிடிக்கலாம். அவர் பேசுவதைப் போனிலேயே பதிவு செய்யலாம். செலவு ஒன்றுமில்லை, பக்கத்தில் உட்காரப் பொறுமை இருந்தால் போதும்.

டெல்லியில் இந்தியா கேட் அருகே 2019 பிப்ரவரி 25-ல் தேசியப் போர் நினைவுச் சின்னம் திறக்கப்பட்டது. சுதந்திரத்துக்குப் பின் இறந்த 25,000-க்கும் மேற்பட்ட வீரர்களின் பெயர்கள் அங்கே கருங்கல்லில் பொறிக்கப்பட்டிருக்கின்றன. டூர் போகிற குடும்பம் அங்கே போய், பாட்டா சொன்ன பெயரைத் தேடிப் பிடித்து, போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பலாம். அந்த ஒரு படம் அவருக்கு என்ன செய்யும் என்பதை அவர் முகத்தைப் பார்த்தால்தான் தெரியும்.

கல்லில் இருப்பது பெயர் மட்டும்தான். அந்தப் பெயருக்குரியவன் டீயில் நாலு ஸ்பூன் சீனி போட்டுக் குடிப்பான், தங்கச்சி கல்யாணத்துக்குப் பணம் சேர்த்துக்கொண்டிருந்தான், குளிரில் தன் கம்பளியைக் கொடுத்தான் என்பதெல்லாம் கல்லுக்குத் தெரியாது. அதைத் தெரிந்த ஒருவர் திங்கள்சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு, இரணியல் ரோட்டில் மெதுவாக நடந்து வந்துகொண்டிருக்கலாம். வீட்டுக்கு வந்து திண்ணையில் உட்கார்ந்ததும், அவருக்கு ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் உட்காருங்கள்.

“கூட இருந்தவங்க யாரெல்லாம், பாட்டா?”